நான் துடைத்த மஞ்சள் பெயின்ற்

ஒரு சனிக்கிழமை பின்னேரம் என் மகள் வீட்டுக்கு வந்தபோது அவளுடைய காதுக்குப் பின்னால் ஈரக் களிமண் ஒட்டியிருந்தது. அப்போது அவளுக்குப் பத்தொன்பது வயது. ஜேர்மனியின் ஹம் நகரில் ஒரு கராஜில், அடிபட்ட கார்களின் உடலைத் திருத்தும் தொழிலுக்கு அவுஸ்பில்டுங் என்கிற தொழிற்பயிற்சி செய்துகொண்டிருந்தாள். சனிக்கிழமைகளில் அந்தக் கராஜ் மத்தியானத்தோடு பூட்டிவிடும் என்பது எனக்குத் தெரியும். எங்கே போனாய் என்று கேட்டேன். மேலதிக வேலை என்றாள். கராஜில் எண்ணெய் ஒட்டும், கறள் ஒட்டும். களிமண் எப்படி ஒட்டும்?

நான் எதையும் லேசில் நம்புகிற ஆள் இல்லை. ஊரில் பத்தாம் வகுப்போடு என் படிப்பு நின்றுபோனது. இங்கே வந்து இருபத்தைந்து வருடத்துக்கு மேலாக ஒரு கம்பித் தொழிற்சாலையில் தரம் பார்க்கும் பகுதியில் நிற்கிறேன். கம்பியில் வெடிப்பு இருக்கிறதா என்று தடவிப் பார்ப்பதுதான் வேலை. அங்கே வேலை செய்யும் எல்லாருக்கும் தெரிந்த ஒரு விஷயம் உண்டு: பெயின்ற் எங்கே புதிதாக இருக்கிறதோ, அதற்குக் கீழேதான் பிழை இருக்கும். வீட்டிலும் எனக்கு அந்தப் பழக்கம்தான். அதோடு கூச்சமும் சேர்ந்துவிட்டது. சந்தேகம் வந்தால் வாய் திறந்து கேட்க மாட்டேன், ஒளிந்து நின்று பார்ப்பேன். கேட்டால் ஒரு நிமிடத்தில் முடிகிற காரியங்களை மாதக்கணக்கில் இழுத்திருக்கிறேன்.

"பெட்டைக்கு ஆரோ இருக்கினம் போல," என்றாள் மனைவி. நானும் அப்படித்தான் நினைத்தேன்.

அடுத்த சனிக்கிழமை மகள் ஏறிய ரயிலில் இரண்டு பெட்டி தள்ளி நானும் ஏறினேன். மூன்றாவது ஸ்டேஷனில் இறங்கி, அறுவடை முடிந்த ஒரு வயல் வரைக்கும் அவளுக்குப் பின்னால் நடந்தேன். வயல் ஓரமெல்லாம் கார்கள், சனங்கள், புகை. எனக்கு அது புரட்டாதிச் சனி விரதம். ஆனாலும் ஆட்களோடு ஆளாக நிற்பதற்கு ஒரு இறைச்சிச் சொசேஜ் வாங்கிக் கையில் பிடித்துக்கொண்டு கடைக்குப் பின்னால் மறைந்து நின்றேன்.

வயலின் நடுவே வட்டமாக வெட்டிய களிமண் பாதை. அதில் பன்னிரண்டு பழைய கார்கள் ஓடின. ஒன்றுக்கும் கண்ணாடி இல்லை. கதவுகளைத் திறக்க முடியாதபடி வெல்ட் பண்ணியிருந்தார்கள். முந்துவதற்கு மற்றவனை இடிக்கலாம், அது பிழை இல்லையாம். ஸ்டாக்கார் என்று சொன்னார்கள். நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஒரு பச்சைக் கார் உருண்டு தலைகீழாகக் கிடந்தது. ஆட்கள் ஓடினார்கள். ஜன்னல் வழியாக ஒரு உருவம் ஊர்ந்து வெளியே வந்து ஹெல்மெட்டைக் கழற்றியது. என் மகள். சிரித்துக்கொண்டிருந்தாள்.

நான் ஒளிந்திருந்ததை மறந்து பாதை ஓரம் வரைக்கும் ஓடிவிட்டேன். அவள் என்னைப் பார்த்தாள். பிறகு என் கையைப் பார்த்தாள்.

"அப்பா, இண்டைக்கு விரதம் எல்லோ?" என்றாள்.

அன்றிலிருந்து ஒளிக்க ஒன்றும் இருக்கவில்லை. ஆனால் என் சந்தேகம் போகவில்லை, ஆளை மாற்றிக்கொண்டது. அவளோடு அதே கராஜில் வேலை செய்த ஒரு ஜேர்மன்காரன்தான் அந்தக் காரை அவளோடு சேர்ந்து கட்டினான். அவளைவிட இரண்டு வயது கூட. பேசும்போது முகத்தைப் பார்க்க மாட்டான். தேத்தண்ணி கொடுத்தால் வேண்டாம் என்பான். நானும் பேசும்போது முகத்தைப் பார்ப்பதில்லை என்பது அப்போது எனக்குத் தோன்றவில்லை.

"அவன் ஆர்?" என்று ஒருநாள் எப்படியோ கேட்டுவிட்டேன்.

"வெல்ட் பண்ணுறவன்."

"வெல்ட் மட்டும்தானோ?"

"வெல்ட் மட்டும்தான் அப்பா. வேற ஏதுமெண்டால் இவ்வளவு சண்டை பிடிப்பமோ?"

அது உண்மையாக இருக்கலாம். ஆனால் அவன் வேறொரு ஓட்டுநருக்கும் வெல்ட் பண்ணிக் கொடுக்கிறான் என்று அறிந்தேன். அதன் பிறகு அவன் வெல்ட் பண்ணிய இடங்களை, அவன் பார்க்காத நேரத்தில் விரலால் தடவிப் பார்ப்பேன். பிழை ஒன்றும் அகப்படவில்லை. அதுவும் எனக்குச் சந்தேகமாகத்தான் இருந்தது.

முதல் வருடம் அவள் கடைசி. இரண்டாம் வருடம் நடுவில். மூன்றாம் வருடம் ஒவ்வொரு வயலிலும் முதல் மூன்று பேருக்குள் வந்தாள். உள்ளூர்ப் பத்திரிகையில் சேறு பூசிய முகத்தோடு படம் வந்தது. கோயில் வரிசையில் நின்றபோது யாரோ ஒரு அம்மா என்னைக் காட்டி, "கார் இடிக்கிற பிள்ளையின்ர தேப்பன்," என்று பக்கத்தில் நின்றவருக்குச் சொன்னார். பாராட்டா பழிப்பா என்று அர்ச்சனை முடியும்வரை யோசித்துக்கொண்டிருந்தேன்.

நான்காம் வருடத்தின் கடைசி ஓட்டத்தில் முதலாவதாக வந்தால் அந்த வருடக் கிண்ணம் அவளுக்கு. என்னை வரச் சொன்னாள். அவளாக என்னைக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. மனைவி கோயிலில் வாங்கிய சந்தனத்தைச் சின்ன டப்பாவில் குழைத்துத் தந்து, "பொட்டு வைக்காமல் காரை ஓட விடாதேங்கோ," என்றாள்.

காலையில் அதிகாரிகள் காரைப் பரிசோதித்து முடித்திருந்தார்கள். மகள் ஓட்டுநர்களுக்கான கூட்டத்துக்குப் போனாள். அவன் பெட்ரோல் எடுக்கப் போனான். காரடியில் நான் மட்டும் நின்றேன். யாரும் பார்த்துச் சிரிக்காத இடமாகப் பொட்டு வைக்க வேண்டும் என்று ஜன்னலுக்குள்ளால் தலையை விட்டேன். சீட்டைச் சட்டத்தோடு பிடிக்கும் நான்கு போல்ட்களின் தலையிலும் மஞ்சள் பெயின்ற் இருந்தது. புது பெயின்ற். காரில் வேறு எங்கும் மஞ்சள் இல்லை.

அவன் எதையோ மறைத்திருக்கிறான் என்று நினைத்தேன். கறள் பிடித்த போல்ட்டைப் போட்டுவிட்டு மேலே பூசியிருக்கிறான். என் பிள்ளை இருக்கப்போகிற சீட். கருவிப் பெட்டியிலிருந்து பெயின்ற் கரைக்கும் தின்னரையும் துணியையும் எடுத்து நான்கையும் துடைத்தேன். கீழே போல்ட்கள் புத்தம் புதிதாக மினுங்கின. ஸ்பானர் வைத்து அசைத்துப் பார்த்தேன். இம்மியும் அசையவில்லை. சரி, இடமும் சுத்தமாகிவிட்டது என்று ஒவ்வொன்றிலும் சந்தனப் பொட்டு வைத்தேன். அதுவும் மஞ்சள்தான். கூட்டம் முடிந்து வந்த மகளுக்கும் வித்தியாசம் தெரியவில்லை.

அவள் அன்று ஓடியதை என்னால் எழுத முடியாது. பாதி நேரம் கண்ணை மூடிக்கொண்டிருந்தேன். கண்ணைத் திறந்தபோது அவளுடைய கார்தான் முதலாவதாக நின்றது.

ஓட்டம் முடிந்ததும் மறுபடியும் பரிசோதனை. கண்ணாடி இல்லாத காருக்குள் சேறு அள்ளிக் கொட்டியிருந்தது. அதிகாரி ஈரத் துணியால் சீட்டுக்குக் கீழே துடைத்தபோது சேற்றோடு என் சந்தனமும் போனது. பிறகு மற்றவரைக் கூப்பிட்டுக் காட்டினார். அந்த மஞ்சள் பெயின்ற் அவர்கள் காலையில் வைத்த அடையாளமாம். பரிசோதித்த பிறகு யாராவது போல்ட்டைத் திருப்பினால் பெயின்ற் உடைந்து காட்டிக்கொடுக்கும். இப்போது நான்கிலும் பெயின்ற் இல்லை. ஆகவே அவளுடைய ஓட்டம் செல்லாது.

என் ஜேர்மன் மொழி மட்டமானது. ஆனால் அதை விளங்கிக்கொள்ளப் போதும். நான் மூன்று அடி தள்ளி, கையில் தேத்தண்ணிப் போத்தலோடு நின்றேன். மகள் அவனைப் பார்த்து, காரை யார் தொட்டது என்று கேட்டாள். தான் தொடவில்லை என்றான். அவள் மறுபடியும் கேட்டாள். அவனும் அதையே திருப்பிச் சொன்னான். மற்ற ஓட்டுநருக்கு உதவி செய்கிறவன் நீதானே என்றாள். அவன் கையுறையைக் கழற்றிப் பெட்டிக்குள் போட்டுவிட்டு நடந்து போனான். நாளைக்குச் சொல்லலாம் என்று நினைத்தேன்.

அந்த நாளைக்கு வர ஏழு வருடம் ஆனது.

அவள் பிறகு ஓடவில்லை. அவுஸ்பில்டுங்கை முடித்து இரண்டு வருடம் வேறு கராஜில் வேலை செய்தாள். அதன் பிறகு தனியாகத் தொழில் தொடங்கினாள். பழைய கார் வாங்கப் போகிறவர்கள் முதலில் அவளைக் கூட்டிக்கொண்டு போவார்கள். பெயின்ற்றின் தடிப்பை அளக்கும் சின்னக் கருவி ஒன்று வைத்திருக்கிறாள். அதைக் காரின் மேல் இடம் இடமாக வைத்துப் பார்த்துவிட்டு, இது அடிபட்டுத் திருத்தியது, வாங்காதேங்கோ என்பாள். முதலில் எங்கள் சனம் கூப்பிட்டார்கள், பிறகு துருக்கியர்கள், பிறகு ஜேர்மன்காரர்களும். "இடிச்சவளுக்குத்தானே தெரியும் எங்க இடிபட்டதெண்டு," என்பாள். கார்களை நிறுத்திப் பார்க்க ஒரு ஹாலை வாடகைக்கு எடுத்தாள். இரண்டு பேரை வேலைக்கு வைத்தாள்.

வேலைக்கு வருகிறவர்கள் நிலைப்பதில்லை. ஹாலின் திறப்பை ஒருவரிடமும் கொடுக்க மாட்டாள். அவர்கள் பார்த்த காரை அவர்கள் போன பிறகு தானும் ஒருமுறை பார்ப்பாள். "வேலையில தேப்பனைத்தான் உரிச்சு வைச்சிருக்கிறாள்," என்று மனைவி சிரிப்பாள். எனக்குச் சிரிப்பு வராது. அவளை அப்படி ஆக்கியது எந்த நாள் என்று எனக்கு மட்டும் தெரியும்.

இந்த வருடம் கார்களைத் திருத்தும் வேலையையும் தொடங்க விரும்பினாள். அதற்குச் சட்டப்படி மைஸ்ரர் என்கிற தொழில் வல்லுநர் பட்டம் எடுத்த ஒருவர் பொறுப்பாக இருக்க வேண்டும். அவளிடம் பட்டம் இல்லை. அந்த நேரம், முன்பு வெல்ட் பண்ணிய அவனிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. அவன் மைஸ்ரர் ஆகிவிட்டான். ஊர் எல்லையில் ஹால் வைத்திருக்கிறான். பாதி ஹால் காலியாகிறது, விருப்பமென்றால் வரலாம் என்று நாலே வரி. மகள் வாசித்துவிட்டு, "இவனை நம்ப ஏலாது," என்று கடதாசித் தொட்டிக்குள் போட்டாள்.

அவள் கண்டுபிடித்தது வேறொருவரை. ஓய்வு பெற்ற மைஸ்ரர். கிழமைக்கு ஒருமுறை வந்து கையெழுத்து வைப்பாராம். அவரை ஒருமுறை ஹாலில் பார்த்தேன். நகங்கள் வெள்ளையாக இருந்தன. கார்களைப் பார்க்கவில்லை, காகிதங்களைத்தான் பார்த்தார். அவர் பெயரில் வேலை நடந்து, ஒரு காரில் பிழை வந்தால் மாட்டுப்படுவது என் பிள்ளை. திங்கட்கிழமை காலை ஒப்பந்தத்தில் கையெழுத்து வைக்க டெர்மின், நேரமும் குறித்தாயிற்று. இந்தச் சந்தேகம் சரி என்று எனக்கு நிச்சயம். ஆனால் என் சந்தேகத்தை வைத்து யாரை நம்பு, யாரை நம்பாதே என்று அவளுக்குச் சொல்ல எனக்கு என்ன தகுதி?

வெள்ளிக்கிழமை மத்தியானம் அவளுடைய ஹாலுக்குப் போனேன். சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். நின்றபடியே முழுவதையும் சொன்னேன். பெயின்ற்றை, தின்னரை, சந்தனத்தை. கரண்டியை மெதுவாகக் கீழே வைத்தாள்.

"ஏன் அண்டைக்கே சொல்லேல்ல?"

"அண்டைக்குப் பயம். பிறகு நாள் போகப் போகச் சொல்ல ஏலாமல் போச்சு."

"எல்லாருக்கும் முன்னால அவனைக் கள்ளன் எண்ட மாதிரிக் கதைச்சனான் அப்பா."

அவள் சாப்பாட்டுப் பெட்டியை மூடி வைத்தாள். எழுந்து வந்து தோளில் கை போடுவாள் என்று நான் எதிர்பார்க்கவில்லை. போடவும் இல்லை.

"எனக்குச் சொன்னது காணாது," என்றாள். "நாளைக்கு அவனுக்குச் சொல்லுங்கோ. நான் கூட்டிக்கொண்டு போறன். ஆனால் உள்ள வரமாட்டன்."

அன்று பின்னேரம் ஜேர்மன் மொழியில் நான்கு வசனம் எழுதிப் பாடமாக்கினேன். அடுத்த நாள் அவள் காரை அவனுடைய ஹாலுக்கு முன்னால் நிறுத்தி, ஸ்டியரிங்கைப் பிடித்தபடி இருந்தாள். நான் தனியாக இறங்கினேன்.

அவன் ஒரு மட்காட்டைத் தேய்த்துக்கொண்டிருந்தான். தலைமயிர் குறைந்திருந்தது. என்னைக் கண்டதும் இயந்திரத்தை நிறுத்தினான். பாடமாக்கிய நான்கில் மூன்றைச் சொன்னேன். நான்காவது மறந்துபோனது. அவன் நிலத்தைப் பார்த்தபடி கேட்டான். பிறகு சொன்னான், இவ்வளவு காலமும் என் மகள்தான் சீட்டை முன்னுக்கு இழுக்கப் போல்ட்டைத் திருப்பிவிட்டு, பழியைத் தன்மேல் போட்டாள் என்று நினைத்திருந்தானாம். கடிதம் போட்டதுகூட, அவள் அதை ஒத்துக்கொள்ளுவாளா என்று பார்க்கத்தானாம்.

"ஏன் துடைத்தீர்கள்?" என்று கேட்டான்.

"நீங்கள் கெட்ட போல்ட்டை மறைக்கிறீர்கள் என்று நினைத்தேன்."

"போல்ட் கெட்டிருந்ததா?"

"இல்லை. நான்கும் புதியவை. நல்ல இறுக்கமாக இருந்தன."

"அதை யாருக்காவது சொன்னீர்களா?"

ஒருவருக்கும் சொல்லவில்லை. முந்தின நாள் மகளுக்குச் சொன்னபோதுகூட என் பிழையைத்தான் சொன்னேன், அவனுடைய வேலையைப் பற்றி ஒரு சொல் சொல்லவில்லை. திரும்பிக் காருக்குப் போனேன். மகள் கண்ணாடியை இறக்கினாள்.

"பிள்ளை, அவன் போட்ட போல்ட் நாலும் புதுசு. நான் ஸ்பானர் வைச்சுப் பார்த்தனான். அசையேல்ல. அவன்ர வேலையில நான் ஒருநாளும் ஒரு பிழையும் காணேல்ல."

அவள் இறங்கி உள்ளே போனாள். நான் காருக்குள் ஏறி இருந்து, திறந்திருந்த வாசலால் பார்த்தேன். இரண்டு பேரும் கையை ஆட்டி ஆட்டிக் கதைத்தார்கள். சண்டை மாதிரித்தான் இருந்தது. என்னைப் பற்றித்தான் கதைக்கிறார்கள் என்று நினைத்தேன். ஒரு மணித்தியாலத்துக்கு மேல் எடுத்தது.

திங்கட்கிழமை டெர்மினை அவள் ரத்துச் செய்தாள். இப்போது அவனுடைய பாதி ஹாலில்தான் வேலை நடக்கிறது, ஒரு வருடத்துக்கு மட்டும், பார்ப்போம் என்று. அவன் திருத்துவதை அவள் அளந்து பார்க்கிறாள். அவள் எழுதுகிற அறிக்கையை அவன் வாசித்துக் கையெழுத்து வைக்கிறான். ஹாலுக்கு இரண்டு திறப்பு, ஆளுக்கு ஒன்று. சனிக்கிழமைகளில் நானும் போய்க் கூட்டித் துடைத்துக் கொடுக்கிறேன். ஆனால் அவர்களில் ஒருவராவது கூட இல்லாமல் என்னைக் கார்களுக்குப் பக்கத்தில் விடுவதில்லை.