பஸ் ஸ்டாப்பில் கட்டிய கண்ணீர் அஞ்சலி

உடையார்பாளையத்தில் முந்திரி உடைக்கும் கொளஞ்சியம்மாளுக்கு ஞாயிற்றுக்கிழமைகளில் இன்னொரு வேலை உண்டு. பேயாக நடிப்பது. கல்யாண வீடியோ எடுக்கும் மணிவேல், கைக்காசைப் போட்டு யூடியூபுக்குப் பேய்ச் சிரிப்புப் படங்கள் எடுத்துவந்தான். ரோஸ்மில்க் எசென்ஸ்தான் ரத்தம், எறும்பு மொய்க்கும். தேங்காய்ச் சில்லைச் செதுக்கிக் கோரைப்பல், பசித்தால் தின்றும்விடலாம். முந்திரி ஓட்டு எண்ணெய் பட்டுக் கருகிய அவள் கைகளுக்கு மட்டும் மேக்கப் தேவைப்படவில்லை. அதைச் சொல்லி மணிவேல் சிரிப்பான், அவளும் சிரிப்பாள். சிரிக்கிற விஷயமா அது?

வீட்டுக்குள் அவள் சிரித்து மூன்று வருடம் ஆகிறது. மகள் சுகன்யா தன் விருப்பத்துக்கு ஒரு அரியலூர்ப் பையனைக் கட்டிக்கொண்டு வந்து நின்றபோது, "நான் செத்தாக்கூட இந்த வூட்டு வாசப்படிய மிதிக்காத" என்று கத்திவிட்டாள். மறுநாளே மனசு கேட்கவில்லை. ஆனாலும் கூப்பிட வாய் வரவில்லை, பாழாய்ப்போன வீம்பு.

அன்றைக்கு, செத்துப்போன மாமியார் தன் அஞ்சலி ப்ளெக்ஸைப் பார்த்து, "இதவிட நல்ல போட்டோ கெடைக்கலயாடி?" என்று மருமகளிடம் சண்டைக்குப் போகும் காட்சி. மாமியார் பேய் கொளஞ்சியம்மாள்தான், அதனால் மணிவேல் அவள் படத்தையும் நிஜப் பெயரையும் போட்டே ப்ளெக்ஸ் அடித்து பஸ் ஸ்டாப்பில் கட்டினான். காட்சியை எடுத்துவிட்டுச் சாப்பிடப் போனவர்கள் அதை அவிழ்க்க மறந்துபோனார்கள். யாரோ ஒரு புண்ணியவான் அதைப் படம் பிடித்து வாட்ஸ்அப்பில் போட்டுவிட்டான்.

சாயங்காலம் பூலாம்பாடியிலிருந்து அவள் தம்பி சின்னதுரை, பிறந்த வீட்டுக் கோடிச்சேலையோடு வந்து இறங்கினான். ப்ளெக்ஸைப் பார்த்ததும் "யக்கா" என்று தரையில் விழுந்து அழுதான். கோரைப்பல்லோடு டீ குடித்துக்கொண்டிருந்தவள் ஓடிவந்து தோளைத் தொட்டாள். அவன் போட்ட அலறலில் டீக்கடையே சிரித்தது. மணிவேல் கேமராவை ஓடவிட்டான், வெட்கங்கெட்டவன்.

அவள் பல்லைக் கழற்றிவிட்டு ஒன்றே ஒன்றுதான் கேட்டாள். "சுகன்யாவுக்குத் தெரியுமாடா?"

சின்னதுரை தலையைக் குனிந்துகொண்டான். "நாந்தான் போன் போட்டுச் சொன்னேன். 'செத்தாலும் வரக்கூடாதுன்னு அம்மாதான மாமா சொல்லுச்சு'ன்னா. வச்சிட்டா."

"அழுதாளா?"

"அழுதாக்கா."

மணிவேல் ப்ளெக்ஸை அவிழ்க்க ஸ்டூலில் ஏறினான்.

"அவுக்காத மணிவேலு" என்றாள் கொளஞ்சியம்மாள். பிறகு தம்பியின் கையைப் பிடித்துக்கொண்டாள். "நான் உசுரோட இருக்கேன்னு அவகிட்ட சொல்லிடாதடா. இன்னும் பதினாறு நாளு இருக்குல்ல. கருமாதிக்காவது வருவா."