வெட்டாத மூன்று நிமிடங்கள்

ஸ்டுடியோவின் எடிட்டிங் அறையில் முப்பது ஆண்டுகளாகப் படச்சுருள்களை வெட்டி ஒட்டி வந்தவரை எல்லாரும் கத்தரியக்கா என்றே அழைத்தார்கள். வெட்டிய துண்டு எதையும் அவர் சும்மா தொங்கவிடமாட்டார். காட்சி எண், நீளம், வெட்டியதற்கான காரணம், வெட்டச் சொன்னவரின் கையெழுத்து ஆகிய நான்கும் கொண்ட சீட்டு அதனுடன் தொங்கியாக வேண்டும். முதலாளியே வந்தாலும் விலக்கில்லை.

அந்நாளில் நாட்டை ஆண்ட தலைவர், தெருவுக்குத் தெரு தம் படத்தை மாட்டச் செய்திருந்தார். அவரை மனத்தில் வைத்தே டைரக்டர் ஒரு கோமாளி ராஜாவின் கதையைப் படமாக்கினார் என்பது ஊரறிந்த இரகசியம். அந்த ராஜா காலையில் எழுந்ததும் கண்ணாடியில் தெரியும் தமக்கே சல்யூட் அடிப்பார். எதிரில் நிற்பவர் முதலில் கையை இறக்கட்டும் என்று பகல் முழுவதும் அப்படியே நிற்பார். அந்த மூன்று நிமிடக் காட்சி போனால் படத்தில் உயிர் இராது.

தணிக்கை அதிகாரி படத்தைப் பார்த்து முடித்தார். சிரிப்பை அடக்கக் கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டே எடிட்டிங் அறைக்கு வந்தார்.

"அந்தக் கண்ணாடி சீனை வெட்டிடுங்கம்மா."

"வெட்டிடலாம் சார். காரணம் சொல்லுங்க, எழுதிக்கிறேன்."

"அது... நம்ம தலைவர் மாதிரியே இருக்கு."

கத்தரியக்கா பேனாவைத் திறந்தார். "எது சார்? தனக்குத்தானே சல்யூட் அடிக்கிறதா, மூக்கு அரிச்சாலும் சொறியாம நிக்கிறதா? தெளிவா சொன்னாத்தானே உங்க கையெழுத்துக்கு மேல எழுத முடியும்?"

மூலையில் நின்ற டைரக்டர் ஓரடி முன்னே வந்தார். அதிகாரி பாய்ந்து பேனாவைப் பிடித்துக்கொண்டார்.

"ஐயோ, அப்படி எழுதினா என்னைத் தொலைச்சிடுவாங்க! நீளம் அதிகம்னு போடுங்க."

"நீளந்தான் பிரச்சினைன்னா, டூயட்ல மூணு நிமிஷம் எடுத்துடறேன். அது யார் மாதிரியும் இல்ல."

"அக்கா! அந்தப் பாட்டுக்கு ஒரு மாசம் உழைச்சிருக்கேன்!" என்று டைரக்டர் துள்ளினார்.

"சும்மா இருங்க தம்பி. கொட்டாவி விட்டுக்கிட்டேதான் அதை ஒட்டினேன்."

அதிகாரி நிம்மதியாகக் கையெழுத்திட்டார்.

படம் பதினொரு நாள் ஓடியது. பன்னிரண்டாம் நாள் தடையுத்தரவு வந்தது. அதில் காரணம் எதுவும் குறிப்பிடப்படவில்லை. ஆனால், அதற்குள் ஊரே பார்த்துவிட்டது. கத்தரியக்காவின் கொழுந்தனார் நடத்திய முடிதிருத்தும் கடையில், முடிவெட்டி முடிந்த பிறகும் ஒருவரும் நாற்காலியைவிட்டு எழவில்லை. எதிரிலிருந்த கண்ணாடிக்குச் சல்யூட் அடித்தபடி அசையாமல் அமர்ந்திருந்தார்கள்.

"அண்ணி, எல்லாம் உங்களாலதான். இந்த ஆளைக் கையை இறக்கச் சொல்லுங்க, அடுத்தவர் காத்திருக்காரு" என்று கடைக்கு வந்த கத்தரியக்காவிடம் அவர் புலம்பினார்.

காத்திருந்தவரும் விறைப்பாக எழுந்து நின்று கையை உயர்த்தினார்.