கேம் பெட்டிக்குச் சந்தனப் பொட்டு

எங்கள் வீட்டுக் கேம் பெட்டியை நானும் அண்ணையும் பாதிப்பாதிக் காசு போட்டு வாங்கினோம். அதனால் அதற்கு இரண்டு முதலாளிகள். ஒருவர் சொல்வதை மற்றவர் கேட்பதில்லை. அண்ணை என்னைவிட ஒன்றரை வயதுதான் மூத்தவர். இந்த ‘அவர்’ மரியாதையெல்லாம் எழுத்தில் மட்டும்தான். நேரில் ‘நீ’தான். கோபம் வந்தால் அதற்கும் கீழே போகும்.

அவருக்கு அவுஸ்திரேலியாவில் வேலை கிடைத்தது. விசா வந்த நாளிலிருந்து அம்மா ஊரெல்லாம் சந்தோசமாகச் சொல்லித் திரிந்தார். வீட்டுக்குள் வந்தால் எடுத்ததற்கெல்லாம் எரிந்து விழுந்தார். எங்கள் கொக்குவில் ஒழுங்கையில் பிள்ளை வெளிநாடு போகாத வீடு குறைவு. போனவர்கள் கோயில் திருவிழாவுக்கு வருவார்கள், தண்ணீர்ப் போத்தலும் கையுமாக இரண்டு கிழமை திரிவார்கள், போய்விடுவார்கள். அம்மாவின் பயம் எனக்கு விளங்காமல் இல்லை. ஆனால் அந்த நேரம் எனக்கு அதைவிட அவசரமான கவலை ஒன்று இருந்தது.

நானும் அண்ணையும் சேர்ந்து விளையாடும் கேம் ஒன்று முடியாமல் கிடந்தது. இரண்டு கரடிக்குட்டிகள் மலையேறி உச்சியில் இருக்கும் தேன்கூட்டைப் பிடிக்க வேண்டும். ஒரு குட்டி கயிற்றைப் பிடித்தால்தான் மற்றது பாலத்தைத் தாண்டலாம். இணையத்தில் சேர்ந்து விளையாட வழியே இல்லை. இருவரும் ஒரே திரைக்கு முன்னால் இருந்தாக வேண்டும். அடிக்கடி சண்டை பிடித்து, கோபித்து, சமாதானமாகி, ஒருவழியாகக் கடைசிக் கட்டத்துக்கு வந்திருந்தோம். அண்ணை விமானம் ஏறுமுன் அந்தத் தேனைத் தொட்டுவிட வேண்டும் என்பது எங்கள் சபதம்.

பயணத்துக்கு முதல் நாள் பின்னேரம் சாமான் கட்டிய களைப்போடு கேம் பெட்டிக்கு முன்னால் வந்து இருந்தோம். பெட்டி கேமைத் திறக்க மறுத்தது. அப்டேட் ஒன்றை இறக்கினால்தான் திறக்குமாம். இறக்கப் போனால் இடமில்லையாம், எதையாவது அழிக்க வேண்டுமாம்.

எதை அழிப்பது? அண்ணையின் உதைபந்தாட்ட கேம்தான் இடத்தையெல்லாம் விழுங்கி வைத்திருந்தது. வரும்போது ஒரு மூலையில் அடங்கிக் கிடந்த பிராணி அது. மாதத்துக்கு மாதம் ஊதி, என்னுடைய நல்ல கேம்கள் இரண்டை வெளியே தள்ளிவிட்டது. ஒண்ட வந்த பிடாரி ஊர்ப் பிடாரியை விரட்டிய கதைதான்.

“அதை அழி,” என்றேன்.

“விசரே உனக்கு? உன்ரை கார் ஓட்டுற கேமை அழி. நேர் ரோட்டிலையே மதிலிலை கொண்டுபோய் இடிக்கிறாய்.”

“நீ போறாய்தானே. பிறகு உனக்கு என்னத்துக்கு உது?”

சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று எனக்கே கேட்டது. அண்ணை கையிலிருந்த கன்ட்ரோலரைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். எங்கள் இணைய வேகத்துக்கு, ஒன்றை அழித்தால் அதைத் திரும்ப இறக்க ஒரு திருவிழாக் காலம் முழுக்க வேண்டும் என்பது இருவருக்கும் தெரியும்.

“சரி, ஒண்டையும் அழிக்க வேண்டாம்,” என்றார். “இடத்தைப் பெருப்பிப்பம். வெளிக்கிடு, கடை பூட்டப் போறான்.”

ஸ்கூட்டியை எடுத்துக்கொண்டு யாழ்ப்பாணம் டவுனுக்குப் பறந்தோம். கடைக்காரர் தந்த எஸ்எஸ்டி என்ற சேமிப்பு அட்டை ஒரு சுவிங்கம் துண்டு அளவுதான் இருந்தது. ஒரு முனையில் மட்டும் தங்க நிறத்தில் சீப்புப் பல்லுப் போல வரிசை. அந்தப் பல்லுத்தான் பெட்டிக்குள் போய்க் கடித்துக்கொள்ளும் இடம். திரும்பி வந்தால் வீடு நிறைய உறவினர். அண்ணைக்கு ஆளாளுக்குப் புத்தி சொல்ல வந்திருந்தார்கள். அண்ணை எஸ்எஸ்டியை உறையிலிருந்து எடுத்து ஆசையாகப் பார்த்தார். யாரோ கூப்பிட, கைக்கு எட்டிய தட்டில் வைத்துவிட்டுப் போனார். அந்தத் தட்டில் அவருடைய பாஸ்போர்ட்டும் டிக்கெட்டும் இருந்தன. பயணச் சாமான் என்று அம்மா அந்தத் தட்டை அப்படியே சாமியறைக்குக் கொண்டுபோய் விட்டார்.

காலையில் பார்த்தால் எல்லாவற்றுக்கும் பொட்டு. பாஸ்போர்ட் மட்டையில் ஒன்று, டிக்கெட் மூலையில் ஒன்று, எஸ்எஸ்டியில் குளிரக் குளிரக் குழைத்த சந்தனமும் அதற்கு மேல் குங்குமமும். அதுவும் சரியாக அந்தத் தங்கப் பல்லில்.

“தங்கமாக் கிடந்த பக்கம்தானே முகம்?” என்றார் அம்மா.

வேறு யாராவது என்றால் உடனே கழுவித் துடைத்திருப்பார்கள். நாங்கள் யாழ்ப்பாணத்துப் பிள்ளைகள். கேம் விளையாடும் அளவுக்கு நவீனம். பயணம் போகும் நாளில் சாமிக்கு வைத்த பொட்டை முழுக்க அழிக்கும் அளவுக்கு நவீனம் இல்லை. அண்ணை சுற்றும் முற்றும் பார்த்து, பல்லில் இருந்ததை மட்டும் பெருவிரலால் இலேசாக வழித்தார். மீதிப் பொட்டோடு எஸ்எஸ்டியைப் பெட்டிக்குள் செருகி, ஆணியை முறுக்கி, மூடியைப் போட்டார்.

பெட்டி அப்படி ஒன்று தனக்குள் இருப்பதாகவே காட்டிக்கொள்ளவில்லை. சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி இடம் கொடுக்க வேண்டுமே.

“சந்தனத்தாலைதான் வேலை செய்யுதில்லை,” என்று நான் அம்மாவிடம் போய்ச் சொன்னேன்.

“சந்தனத்தாலை கெட்ட சாமான் உலகத்திலை எங்கையும் கிடக்கோ? சாமான் பிழை. கொண்டுபோய் மாத்து.”

மாற்ற நேரம் இல்லை. மருந்துப் பெட்டியிலிருந்த ஸ்பிரிற்றைப் பஞ்சில் தொட்டு, பல்லுப் பல்லாக நானே துடைத்தேன். பஞ்சு மஞ்சளாக வந்தது, பிறகு சிவப்பாக, பிறகும் மஞ்சளாக. அண்ணை பக்கத்தில் நின்று ஃபேனைப் போட்டுக் காயவைத்தார். மறுபடி செருகினோம். இந்தமுறை பெட்டி புதுச் சாமானைக் கண்டு, ஒழுங்கு செய்யவா என்று கேட்டது. நாங்கள் சத்தம் போட்டதில் முற்றத்தில் நின்ற அப்பா ஓடி வந்துவிட்டார். முதல் வேலையாக அந்த உதைபந்தாட்டப் பிடாரியைப் புது இடத்துக்கு மாற்றத் தொடங்கினோம். இடையில் பெட்டியை நிறுத்தக் கூடாது, அசைக்கவும் கூடாது. அது போனதும் கரடிக் கேமின் அப்டேட் இறங்கும், பிறகு விளையாடலாம்.

அப்போதுதான் அம்மா வாசலில் நின்று அண்ணையைக் கூப்பிட்டார். “தம்பி, வெளிக்கிடு. நேரம் வந்திட்டுது.”

கொழும்புக்குப் போகும் வான் வண்டி வருவது பின்னேரம். ஆனால் சாத்திரியார் பார்த்துச் சொன்ன நல்ல நேரம் காலையில் முடிந்துவிடுகிறது. பின்னேரம் முழுக்கக் கூடாதாம். இதற்கு எங்கள் ஊரில் வழி உண்டு. நல்ல நேரத்தில் வீட்டை விட்டு இறங்கி, பக்கத்து வீட்டில் போய் இருந்துகொள்ள வேண்டும். கணக்குக்கு அப்போதே பயணம் தொடங்கிவிட்டது. ஒரே ஒரு கட்டுப்பாடு, இறங்கியவர் திரும்பித் தன் வீட்டு வாசலை மிதிக்கக் கூடாது.

“அம்மா, கேம் இப்பதான் மாறுது,” என்றார் அண்ணை, இருபத்தேழு வயது இஞ்சினியர்.

“அது அங்கை இருந்து மாறட்டும். நீ இறங்கு.”

அண்ணை சாமி கும்பிட்டு, நிறைகுடத்தைப் பார்த்து, வலது காலை வைத்து வெளிக்கிட்டு, இருபதடி தள்ளியிருந்த பக்கத்து வளவு அன்ரி வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தார். அவுஸ்திரேலியாப் பயணத்தின் முதல் கட்டம் அதோடு முடிந்தது.

நான் பெட்டிக்கு முன்னால் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு இருந்தேன். கொஞ்ச நேரத்துக்கு ஒருமுறை மதிலுக்கு மேலால் ஒரு தலை தெரியும்.

“எத்தினை வீதம்?”

“அறுபது!”

“முதலும் அறுபதெண்டுதானே சொன்னனீ?”

“நான் என்ன செய்ய? வந்து தள்ளிவிடன்!”

வந்து தள்ளிவிட முடியாது என்பதை நினைத்து இருவருக்கும் சிரிப்பு வந்தது. மத்தியானம் அம்மா சோறும் கறியும் பாத்திரம் பாத்திரமாக மதிலுக்கு மேலால் கொடுத்தார். அண்ணைக்குப் பிடித்த கத்தரிக்காய்ப் பால்கறி, பொரியல், பாயசம் எல்லாம் தாண்டிப் போயின. அதைப் பார்த்துக்கொண்டு நின்றபோதுதான் எனக்குப் புத்தி வந்தது.

“அம்மா, அண்ணை வீட்டுக்குள்ளை வரக்கூடாது. சரி. வீட்டுச் சாமான் அண்ணையிட்டைப் போகலாமோ?”

அம்மா யோசித்தார். சாத்திரியார் இதைப் பற்றி ஒன்றும் சொல்லியிருக்கவில்லை. “போகலாம்,” என்றார்.

அப்டேட் இறங்கி முடிந்ததும் பெட்டியை முறையாக நிறுத்தி, ஒரு துவாயில் சுற்றி, பிறந்த குழந்தையைத் தூக்குவது போலத் தூக்கிக்கொண்டு அன்ரி வீட்டுக்கு ஓடினேன். அன்ரியின் பெரிய டிவியில் கரடிக்குட்டிகள் எங்கள் வீட்டில் இருந்ததைவிடக் கொழுத்துத் தெரிந்தன. அன்ரி தேநீர் கொண்டுவந்து வைத்தார். அம்மாவும் வந்து எங்களுக்குப் பின்னால் நின்றுகொண்டார்.

கடைசிக் கட்டம் நாங்கள் பயந்த அளவுக்குக் கடினமில்லை. கயிறு, பாலம், ஒரு வழுக்குப் பாறை. அதைத் தாண்டினால் தேன். அண்ணை கயிற்றைப் பிடிக்க நான் பாலத்தில் ஓடினேன். நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. பாறைக்கு வந்து தேன்கூட்டைக் கண்டதும் ஒன்று சட்டென்று உறைத்தது. இதை முடித்தால் அண்ணை கன்ட்ரோலரை வைத்துவிட்டு எழுந்துவிடுவார். பிறகு இந்த இடத்தில் இருப்பதற்கு எங்களுக்கு ஒரு காரணமும் இல்லை. நான் குட்டியைப் பாறையிலிருந்து கீழே விழுத்தினேன்.

அண்ணை என்னைப் பார்த்தார். நான் திரையையே பார்த்தேன். மறுமுறை நான் கவனமாகப் பாறையைத் தாண்டினேன். எனக்குப் பின்னால் வந்த அவர் விழுந்தார். அந்த இடத்தில் விழவேண்டுமென்றால் வேலை மினக்கெட்டு விழ வேண்டும். அதன்பிறகு முறை வைத்தாற்போல் இருவரும் மாறி மாறி விழுந்துகொண்டே இருந்தோம்.

“இவ்வளவு நாளும் விளையாடி உதுதானோ லட்சணம்?” என்றார் அன்ரி.

“விடுங்கோ, விளையாடட்டும்,” என்றார் அம்மா. காலையிலிருந்து மணிக்கூட்டை வைத்தே எங்களை விரட்டிக்கொண்டிருந்தவர் அவர். “ஆறுதலா விளையாடுங்கோ, பிள்ளையள். வான் இன்னும் வரேல்லை.”

வான் வந்து ஹோர்ன் அடித்தபோது இரண்டு குட்டிகளும் பாறையில் நின்றன. இன்னும் ஒரு பாய்ச்சல்தான். அண்ணை கன்ட்ரோலரை மேசையில் வைத்தார். “போட்டு வாறன்,” என்று எல்லோருக்கும் சொன்னார். என்னுடைய தலையில் ஒரு குட்டு வைத்தார், நோகத்தக்கதாக. விமான நிலையம்வரை கூடப் போக அப்பா வானில் ஏறினார். அம்மா கடைசிவரை அழவில்லை. வான் ஒழுங்கை முடக்கால் திரும்பிய பிறகுதான் அழுதார்.

அது நடந்து ஒரு வருடத்துக்கு மேலாகிறது. நான் புதுக் கேம்களை வாங்கிக் குவித்ததில் போன கிழமை பெட்டி மறுபடியும் நிறைந்துவிட்டது. போனை ஸ்பீக்கரில் போட்டு அண்ணையோடு கதைத்தபோது எதை அழிக்கலாம் என்று கேட்டேன். பக்கத்தில் அம்மா முருங்கைக்காய் வெட்டிக்கொண்டிருந்தார்.

“அந்தக் கரடிக் கேமை அழி,” என்றார் அண்ணை. “இனி அதை ஆர் விளையாடுறது?”

அம்மா கத்தியை வைத்துவிட்டு என் பக்கம் திரும்பினார்.

“அதிலை நீ கை வையாதை. அழிக்கிறதெண்டால் அவனை வந்து அழிக்கச் சொல்லு.”