நான்காவது சிவப்புக் கோட்டு

போடிமெட்டு ஏறும் ஜீப்பில் என் பக்கத்தில் திறந்த ஓரமாக உட்கார்ந்திருந்தவர், ஊதி ஊதிக் கன்னம் தொங்கிப்போன டிரம்பெட்காரர். அவருடைய பேண்டு செட்டையே வைத்து அவர் அக்கா மகன் பழைய வீடியோ கேம் மாதிரி ஒன்றை அவர் செல்போனில் செய்து கொடுத்திருந்தானாம். சிவப்புக் கோட்டுப் போட்ட நான்கு பொம்மைகள் பாறைக்குப் பாறை தாவி மலையேற வேண்டும். அவர் டிரம்பெட் பொம்மையை மட்டும் எடுத்து, முதல் பள்ளத்திலேயே திரும்பத் திரும்ப விழவைத்தார். ஒவ்வொரு தடவை விழும்போதும் போனிலிருந்து வந்த கீச்சுச் சத்தம் எரிச்சலூட்டியது.

"தாவத் தெரியலையாண்ணே?" என்றேன்.

"நல்லாத் தெரியும் தம்பி. எஸ்டேட் திருவிழாவுக்கு வாசிக்கப் போகையில, மத்த மூணு பேரும் இந்தப் பாதையிலதான் ஜீப்போட உருண்டு செத்தாங்க. ஜீப்புல குமட்டும்னு நான் மட்டும் பஸ்சுல போனேன்."

விழுந்த பொம்மை மறுபடி எழுந்து நின்றது.

"பாரு, இவன் மட்டும் சாக மாட்டேங்கிறான்."

அடுத்த வளைவில் என் கை தானாக அவர் சட்டையைப் பிடித்துக்கொண்டது.