கைசரின் குடைத்துணிக் கோட்டு

எங்கள் மாமா பெண்களுக்கு ஜாக்கெட் தைப்பவர். ஆனால் ஒரு பெண்ணின் மேலும் அவர் டேப் வைத்ததில்லை. மட்டாஞ்சேரியில் எங்கள் தெருவிலும் அடுத்த தெருவிலும் எல்லாருக்கும் அவர் தைத்ததுதான். அத்தனையும் அளவு ஜாக்கெட்டைப் பார்த்துத் தைத்தது. யாராவது புதிதாக வந்து கையைத் தூக்கிக்கொண்டு நின்றுவிட்டால் மாமா மிஷினுக்குப் பின்னால் ஒளியாத குறைதான். "பழசு ஒண்ணு கொடுத்தனுப்புங்க சேச்சி, அது போதும்" என்பார், ஊசியைப் பார்த்தபடியே.

எங்கள் வீட்டு வாசலில் மிஷின் போட்டிருந்த அந்த மாமாவிடம்தான் அப்பா ஒரு மழைநாள் காலையில் வந்து, நாய்க்கு ஒரு கோட்டு வேண்டும் என்றார்.

"அதோட அளவு ஜாக்கெட் இருக்கா அத்தான்?" என்றார் மாமா.

அம்மா சமையலறையிலிருந்து சிரித்தது வாசல்வரை கேட்டது. நானும் சிரித்தேன். அப்பா சிரிக்கவில்லை. கைசர் வராந்தா மூலையில் ஒரு சாக்கின் மேல் நடுங்கிக்கொண்டிருந்தான்.

கைசரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். அவன் எங்கள் நாய் அல்ல. அப்பா எடை போடும் மிளகுக் குடோனின் காவல் நாய். அவன் தலை என் நெஞ்சு உயரத்தில் இருக்கும். அவன் ஒரு தடவை குரைத்தால் எதிர்க்கடை இஞ்சி மூட்டைக்காரர்கள்கூட ஒரு நிமிடம் நின்று பார்த்துவிட்டுத்தான் நடப்பார்கள். பள்ளிக்கூடம் போகும்போது அந்த வாசல் வந்ததும் நான் சாலையின் மறுபக்கம் போய்விடுவேன். மறுபக்கத்திலிருந்து, கண்ணை எடுக்காமல் அவனையே பார்த்துக்கொண்டு போவேன். பயமா ஆசையா என்று கேட்டால் இன்றைக்கும் சொல்லத் தெரியாது.

அந்த வருடம் அவனுக்கு ஏதோ சொறி வந்து முடியெல்லாம் கொட்டிவிட்டது. நாய் பிடிக்கும் வண்டி வந்தால் கொடுத்துவிடச் சொல்லிவிட்டார் முதலாளி. அப்பா கழுத்தில் ஒரு கயிற்றைக் கட்டி வீட்டுக்குக் கூட்டிவந்துவிட்டார். படகில் எர்ணாகுளத்துக்குக் கொண்டுபோய் மிருக டாக்டரிடமும் காட்டினார். மருந்து பாதிதான், குளிர் நெஞ்சில் இறங்காமல் பார்த்துக்கொண்டு மழை முடியும்வரை தாங்கவைத்தால் பிழைத்துக்கொள்வான் என்று டாக்டர் சொன்னாராம். மழையோ அப்போதுதான் ஆரம்பித்திருந்தது. முடியில்லாத நாய்க்கு மேலே எதைப் போர்த்தினாலும் அவன் எழுந்தால் நழுவி விழுந்தது. அதனால்தான் கோட்டு. அதுவும், உடம்போடு ஒட்டி நிற்கிற கோட்டு.

மாமா முதலில் மறுத்தார், பிறகு யோசித்தார், பிறகு என்னைப் பார்த்தார்.

அப்போது எனக்கு அளவுப் பைத்தியம். பள்ளிக்கூடத்தில் ஸ்கேலை வைத்து அளக்கச் சொல்லிக்கொடுத்தாலும் கொடுத்தார்கள், நான் வீட்டில் ஒன்றையும் விடவில்லை. கதவு, தோசை, தூங்குகிற அப்பாவின் மீசை. தினமும் காலையில் கதவு நிலையில் என் உயரத்தைக் கோடு போட்டுப் பார்ப்பேன். "மாமாவோட பொறுமைய மட்டும்தான் இவ இன்னும் அளக்கல" என்பாள் அம்மா.

"மோளே, நீ எடு. நான் இங்கேருந்து சொல்றேன்" என்றார் மாமா, டேப்பை என் பக்கம் நீட்டி.

"கடிச்சுதுன்னா?" என்று அம்மா வாசலுக்கு வந்தாள்.

"கடிக்கிற நாயா இருந்தா இவ பேசுற பேச்சுக்கு இதுக்குள்ள கடிச்சிருக்கும் அக்கா."

நான் டேப்பைக் கழுத்தில் மாலைபோலப் போட்டுக்கொண்டு கைசரிடம் போனேன். அப்பா அவனை எழுப்பி நிறுத்தினார். சாலையின் மறுபக்கத்திலிருந்தே பார்த்த அந்தத் தலை, நான் குனிந்ததும் என் முகத்துக்கு நேரே இருந்தது. கழுத்தைச் சுற்றி டேப்பைக் கொண்டுவந்தபோது அவன் தொண்டைக்குள் ஒரு உறுமல் ஓடியது. கோபம் இல்லை, தூரத்தில் போகும் படகின் மோட்டார் மாதிரி. என் விரல்களுக்கு அது நேராக வந்து சேர்ந்தது. கழுத்திலிருந்து வாலின் அடிவரை அளக்க நான் நடக்க வேண்டியிருந்தது. ஒரு உயிரை அளக்க அதன் ஓரமாக நடந்து போவது! கதவையும் தோசையையும் அளந்தவளுக்கு அது எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள்.

நெஞ்சுச் சுற்றளவுக்கு அவனைக் கட்டிப்பிடிக்காமல் முடியாது. ஒரு கையால் டேப்பின் நுனியை அடியில் தள்ளி, அந்தப் பக்கம் எட்டி இழுத்தேன். என் கன்னம் அவன் விலாவில் பதிந்தது. சொறித் தைலமும் மிளகும் கலந்த வாசனை. உள்ளே அவன் இதயம் இடித்தது. அப்படி ஒரு இடி! இவ்வளவு பெரிய உடம்புக்கு உள்ளே இத்தனை வேலை நடக்கிறது என்று யாரும் எனக்குச் சொன்னதில்லை. அப்புறம்தான் டேப்பைக் கவனித்தேன்.

"மாமா, நம்பர் நிக்க மாட்டேங்குது!"

"எது நிக்கல?"

"மூச்சு இழுத்தா ஒண்ணு வருது, விட்டா வேற வருது. எதச் சொல்ல?"

மாமா மிஷினை விட்டு எழுந்து வந்தார். அளவெடுக்கும் இடத்துக்கு அவர் எழுந்து வந்ததை அன்றுதான் பார்த்தேன். கொஞ்சம் தள்ளி நின்று டேப் பெரிதாவதையும் சிறிதாவதையும் வெகுநேரம் பார்த்தார்.

"இத்தன நாள் துணிய வெச்சுத் துணி தைச்சவன் நான். துணி மூச்சு விடாதில்ல" என்றார். "ரெண்டையும் சொல்லு."

சொன்னேன். சாக்பீஸால் மேஜையில் குறித்துக்கொண்டார்.

"உள்ளே நிறையத் துணி விட்டுத் தைங்க மாமா. அவன் வளருவான்" என்றேன். எனக்கு அப்படித்தான் எல்லாம் தைப்பார்கள். ஒவ்வொரு ஜூனிலும் பள்ளி திறக்கும்போது என் பாவாடையைப் பிரித்துவிடுவார்கள். பழைய தையல் போன வழி மட்டும் புள்ளிப் புள்ளியாகத் தெரியும்.

மாமா அப்பாவைப் பார்த்தார். "விடறேன் மோளே" என்றார்.

கம்பி ஒடிந்த இரண்டு பழைய குடைகளின் கறுப்புத் துணி வெளியே, ஃபிளானல் உள்ளே. அன்று சாயங்காலத்துக்குள் கோட்டு தயார். மாட்டினோம். கைசர் ராஜா மாதிரி நின்றான். பிறகு படுத்தான். படுத்தவன் ஊளையிட்டுக்கொண்டு துள்ளி எழுந்தான். மாமா பழக்க தோஷத்தில் ஜாக்கெட்டுக்கு வைப்பதுபோல முன்பக்கம் ஹூக் வைத்துவிட்டார். நாய்க்கு முன்பக்கம் என்றால் அது படுக்கிற பக்கம் என்று எங்கள் யாருக்குமே தோன்றவில்லை.

பக்கத்து வீட்டுச் சேச்சி மதிலுக்கு மேலே தலையை நீட்டி, "எந்தா மாஷே, ஹூக்கு பின்னாடி வெச்சுக் கொடு! பேக் ஓப்பன்! இப்ப அதல்லே ஃபேஷன்!" என்றாள்.

மாமா சிரித்துக்கொண்டே பிரித்து, ஹூக்கை முதுகுக்கு மாற்றினார். அதற்குப் பிறகு அந்தக் கோட்டு உட்கார்ந்த அழகை நான் என்னவென்று சொல்வேன்! ஒரு சுருக்கம் இல்லை. மூச்சு இழுத்தாலும் இறுக்கவில்லை, விட்டாலும் தொங்கவில்லை. அவனுக்குப் புதுத் தோல் வந்ததுபோல் இருந்தது. மழையில் கூட்டிப்போனால் தண்ணீர் முதுகில் உருண்டு ஓடும். சாயாக்கடைச் சேட்டன் கைகூப்பி, "வக்கீல் சாரே, இன்னைக்குக் கோர்ட் இல்லியா? ஒரு சாயா எடுக்கட்டே?" என்பார். கைசர் திரும்பிப் பார்க்கமாட்டான். நான்தான் அவனுக்கும் சேர்த்துச் சிரிப்பேன். பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் நம்பாமல் கூட்டமாக வந்து பார்த்துவிட்டுப் போனார்கள். அளவெடுத்தது நான் என்று ஒவ்வொருவரிடமும் சொன்னேன்.

ஆடி மாதத்துக் கர்க்கடக மழை பிடித்துக்கொண்டது. கைசர் நடப்பதைக் குறைத்து, வராந்தாவிலேயே இருந்தான். ஆனால் கோட்டு மட்டும் அன்று தைத்ததுபோலவே உடம்போடு ஒட்டி நின்றது. அதுதான் எனக்குப் பெரிய அதிசயம். என் செருப்பு கடித்தது, என் கவுன் அக்குளில் பிடித்தது, உலகத்தில் எனக்குத் தெரிந்த எந்தத் துணியும் இப்படி இருந்ததில்லை. அவ்வப்போது மாமா அதைக் கழற்றி, "ஹூக் தளர்ந்திருக்கு" என்று மிஷினில் வைப்பார். நான் பள்ளிக்கூடத்திலிருந்து வரும்போது கைசர் மறுபடியும் கச்சிதமாகக் கோட்டில் இருப்பான்.

வளர்ந்திருக்கிறானா என்று பார்க்கலாம் என்று ஒரு நாள் டேப்பை எடுத்தேன். மாமா வெடுக்கென்று பிடுங்கிவிட்டார்.

"வளர்ற உயிர அடிக்கடி அளக்கக் கூடாது. கண்ணு பட்டுடும்."

"என்னை நான் தினமும் அளக்கறேனே!"

"அதான் நீ இத்தினி இருக்கே."

டேப் அலமாரிக்கு மேலே, என் கைக்கு எட்டாத இடத்துக்குப் போனது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை கோட்டை அடுப்புக்கு மேலே கொடியில் உள்பக்கம் வெளியே தெரிய உலர்த்தியிருந்தார்கள். ஓரத்தில் மடிந்து கிடந்த துணியைப் பார்த்தேன். புள்ளி வரிசை. அதற்கு வெளியே இன்னொரு புள்ளி வரிசை. அதற்கும் வெளியே இன்னொன்று. கோடு போட்ட நோட்டுப்போல, ஊசி போன வழிகள். எனக்கு மூச்சே நின்றுவிட்டது. கைசர் எவ்வளவு வளரப்போகிறான் என்று மாமா முன்கூட்டியே கணக்குப் போட்டு, வளர வளரப் பிரித்துவிட இடம் குறித்து வைத்திருக்கிறார்!

ஓடிப்போய்க் கைசரின் காதில் சொன்னேன். சாப்பிட்டுக்கொண்டிருந்த அப்பாவிடமும் சொன்னேன், கையை விரித்து, இவ்வளவு இவ்வளவு என்று காட்டி. அப்பா பாதிச் சாப்பாட்டில் கை கழுவ எழுந்துவிட்டார்.

"ஆமா மோளே, நிறைய இடம் இருக்கு" என்றார் மாமா.

மழை முடிய இன்னும் கொஞ்ச நாள்தான் என்று எல்லாரும் பேசிக்கொண்டிருந்தபோது, ஒரு காலையில் கைசர் எழுந்திருக்கவில்லை. சாவு என்றால் என்ன என்று எனக்குத் தெரியும்; தெருவே கேட்க அழுதேன். பின்பக்கத் தென்னை மரத்து மூட்டில் அப்பா குழி வெட்டினார். அவனைக் கோட்டோடுதான் வைக்க வேண்டும் என்று நான் பிடிவாதம் பிடித்தேன். பிறகு இன்னொன்றும் தோன்றியது.

"மாமா, அங்கே போய் வளர்ந்தான்னா இது பத்தாதே. எல்லாத் தையலையும் பிரிச்சு விடுங்க."

அம்மா என்னை அதட்ட வாயெடுத்தாள். மாமா கையால் தடுத்தார். கோட்டைக் கழற்றி, மிஷினில் உட்கார்ந்து, பிளேடால் ஒவ்வொரு வரிசையாகப் பிரித்தார். கடைசி ஓரத்தில், நான் அளவெடுத்த அன்று போட்ட முதல் தையலின் மேலேயே புதிதாக ஒன்று ஓட்டி, அப்பாவிடம் கொடுத்தார். மழைகூடக் கொஞ்சம் விட்டிருந்தது.

அப்பா அதைக் கைசருக்குப் போட்டார். கோட்டு இரண்டு பக்கமும் வழிந்து மண்ணில் கிடந்தது. கழுத்துக்குள் என் இரண்டு கையும் போகும் போலிருந்தது.

நான் திகைத்துப் போனேன். கழுத்து, முதுகு, நெஞ்சு, எல்லாவற்றையும் எடுத்தது நான்தானே.

"மாமா, அன்னைக்கு நான் தப்பா அளந்துட்டேன் போல."

மாமா என் தலையில் கையை வைத்தார். "இல்ல மோளே. நீ சரியாத்தான் அளந்தே."

என்னைச் சமாதானப்படுத்தத்தான் அப்படிச் சொல்கிறார் என்று நினைத்துக்கொண்டேன்.