அண்ணனும் தங்கையும் ஒரு மண்ணிறமும்

1. பின்கதவால் போனவர்

மெலே முன்கதவால் உள்ளே வந்தார். அதைக் கண்டதும் அவருடைய அண்ணன் சியோனே, பாதி குடித்த கோப்பியை மேசையில் வைத்துவிட்டு, பின்கதவால் வெளியே போய் மழையில் நின்றார். ஒரு வணக்கம் இல்லை, ஒரு சிரிப்பு இல்லை. மெலேயும் அண்ணன் போன திசையைப் பார்க்கவில்லை. கோட்டைக் கழற்றி மாட்டிவிட்டு, "மெசின் ரெடியோ?" என்று கேட்டார்.

எங்கள் முதலாளி ஹெர் க்ரூகர் என்னைப் பார்த்தார். நான் ஜெயம் அண்ணையைப் பார்த்தேன். ஜெயம் அண்ணை கையிலிருந்த தாள்கட்டைக் கீழே வைத்துவிட்டு என் காதுக்குள் சொன்னார்:

"காணிதான் ராஜி. வேறை என்ன?"

ஜெர்மனியில், எசன் நகரத்து அந்தச் சின்ன அச்சகத்தில் நாங்கள் மூன்று பேர்தான். க்ரூகர் முதலாளி, மெசின் ஓட்டுபவரும் அவரே. வெட்டுவது, மடிப்பது, புத்தகம் கட்டுவது எல்லாம் ஜெயம் அண்ணை. மெசினுக்கு முந்திய வேலை எனக்கு. வருகிற படத்தையும் எழுத்தையும் ஒழுங்குபடுத்தி, நிறம் பார்த்து, மெசினில் பூட்டுகிற அச்சுத் தகடாகிய பிளேட்டை எடுத்துக் கொடுக்க வேண்டும். இப்போது பென்ஷனுக்குப் பக்கத்தில் நிற்கிறேன். இந்தத் தொழிலில் அவுஸ்பில்டுங் என்கிற பயிற்சிக்கு வருகிற பிள்ளைகள் நிறம் பார்ப்பது கஷ்டம் என்று என்னிடம் அழுகிறார்கள். நிறம் லேசு பிள்ளைகளே. நிறத்துக்குப் பின்னால் நிற்கிற ஆட்கள்தான் கஷ்டம்.

எங்கள் ஆட்களின் கலியாணக் கார்ட், பெண் வயதுக்கு வந்த சாமத்தியவீட்டு அழைப்பிதழ், ஊன்ட்றொப் அம்மன் திருவிழா நோட்டீஸ், மன்னார் ஆட்களின் பூசைப் பாட்டுத்தாள் எல்லாம் என் கையால் போனவை. அழைப்பிதழில் யார் யார் பெயர் போட வேண்டும் என்று ஒரு கேள்வி கேட்டால் போதும், குடும்பத்தின் முழு வழக்கும் மேசைக்கு வந்துவிடும். "அவன்ர பேர் வந்தால் நான் கலியாணத்துக்கே வரமாட்டன்" என்று என் மேசையில் குத்திய தாய்மாமன்மார் உண்டு. இவ்வளவும் பார்த்த எனக்கு, அண்ணனும் தங்கையும் முகம் பார்க்கவில்லை என்றால் காணி என்றுதான் படும். இவர்களின் டோங்கா ஒரு தீவு நாடு வேறு. தீவென்றால் காணி இன்னும் குறைவு. கணக்குச் சரியாகத்தான் இருந்தது.

2. ஙவில் தொடங்கும் சொல்

பசிபிக் சமுத்திரத்து டோங்காவிலிருந்து ஜெர்மனிக்கு வந்த குடும்பங்கள் மிகக் குறைவு. சியோனே எசனில் பஸ் ஓட்டுகிறார். மெலேக்கு ஸ்டுட்கார்ட்டில் முதியோர் இல்லமொன்றில் வேலை. இருவரின் பிள்ளைகளும் இங்கே பிறந்தவர்கள், ஜெர்மனில் கனவு காண்கிறவர்கள். அவர்களுக்காக அண்ணன் எழுத, தங்கை படம் வரைய, மூன்று சிறு புத்தகங்கள் தயாராகின. ஒன்று டோங்கா மொழி, ஒன்று கலையும் வழக்கங்களும், மற்றது நிறங்கள்.

எனக்குப் பிடித்தது நிறப் புத்தகம். பச்சை நிறத்துக்கு அவர்கள் 'லனு மாத்தா' என்கிறார்கள். லனு என்றால் நிறம், மாத்தா என்றால் சமைக்காதது, பழுக்காதது. பச்சைத்தண்ணி, பச்சைமீன் என்று பேசி வளர்ந்த எனக்கு அதை வாசித்ததும் சொந்தக்காரர் யாரையோ றெயினில் கண்ட மாதிரி இருந்தது. நீலத்துக்கு 'லனு மோவானா', ஆழ்கடலின் நிறம்.

நடுப்பக்கத்தில் 'ஙாத்து' வந்தது. மரப்பட்டையை அடித்து அடித்து மெலிதாக்கி, ஒன்றோடொன்று ஒட்டி, மண்ணிறத்தாலும் கறுப்பாலும் சித்திரம் போட்டுச் செய்கிற பெரிய துணி அது. பெண்கள் கூடியிருந்து செய்வார்களாம். கலியாணமோ செத்தவீடோ அது இல்லாமல் நடக்காதாம். ங முன்னால் நிற்கிற ஒரு சொல்லை என் வேலைக்காலத்தில் நான் கண்டது அதுதான் முதல் தடவை. நம்மிடம் பாலர் வகுப்பு முடிந்தபின் அந்த எழுத்துக்கு முன்வரிசை கிடைப்பதில்லை.

ஐரோப்பாவில் சிதறியிருக்கிற டோங்காக் குடும்பங்கள் கோடை விடுமுறையில் ஓரிடத்தில் கூடுவார்கள். அதற்கு முன் புத்தகம் பிள்ளைகளின் கையில் இருக்க வேண்டும். மற்ற இரண்டு புத்தகங்களின் உள்பக்கங்கள் அடித்தாயிற்று. நிறப் புத்தகமும் மூன்றுக்குமான அட்டைகளும் மிச்சம். அண்ணனும் தங்கையும் வந்த அந்த ஒரு நாள்தான் இந்த வேலைக்கு மெசின். பிறகு ஒரு பெரிய கடையின் விளம்பரத்தாள் ஏறும். அது முடிந்த கையோடு க்ரூகர் ஊர்லவுப் போய்விடுவார். முதலாளிக்கு விடுமுறை என்றால் மெசினுக்கும் விடுமுறை.

வாடிக்கையாளர் 'நிறம் சரி' என்று ஒப்பம் வைக்காமல் எந்த வேலையும் மெசினில் ஏறாது. ஆகவே மாதிரித்தாளை இருவருக்கும் முன்கூட்டியே அனுப்பியிருந்தேன். 'தங்கைக்குப் பிடித்தால் எனக்குச் சரி' என்று எழுதி சியோனே ஒப்பம் வைத்தார். 'அண்ணனுக்குப் பிடித்தால் எனக்குச் சரி' என்று எழுதி மெலே ஒப்பம் வைத்தார். இப்படியும் வாடிக்கையாளர்களா என்று நான் பூரித்துப்போனேன்.

3. குடையும் புத்திமதியும்

சரி, மழையில் நிற்கிறவரிடம் வருவோம். குடையை எடுத்துக்கொண்டு பின்கதவால் போனேன். சியோனே பெரிய மனிதர். என் குடை அவருடைய ஒரு தோளுக்குத்தான் காணும். பேச்செல்லாம் ஜெர்மனில் நடந்தது, ஆனால் என் நினைவில் அது எங்கள் தமிழில்தான் இருக்கிறது.

"சியோனே, நான் சொல்லுறன் எண்டு குறை நினைக்காதேங்கோ. காணி இண்டைக்கு வரும், நாளைக்குப் போகும். கூடப் பிறந்தவ திருப்பிக் கிடைப்பாவோ?"

"என்ன காணி?"

"சரி, காணியில்லை. வீடோ?"

"என்ன வீடு?"

"அப்ப சீதனமோ?" சீதனத்துக்கு ஜெர்மன் சொல் அகப்படாமல் கழுத்திலும் கையிலும் சங்கிலி, காப்பு என்று அபிநயம் பிடித்துக் காட்டினேன்.

அவர் சிரித்த சிரிப்பில் குடை ஆடியது.

"எங்களுக்குள்ள ஒரு சண்டையும் இல்லை, ராஜி. எங்கட வழக்கத்திலை சகோதரி எண்டால் உயர்வு. வயசு குறைஞ்சாலும் அவதான் எனக்கு மேல. அவ இருக்கிற அறையிலை நான் காலை நீட்டிக்கொண்டு கோப்பி குடிக்கிறதில்லை, பகிடி விடுறதில்லை. இப்ப கனபேர் இவ்வளவு பாக்கிறேல்லை. எங்கட அப்பா சரியான கண்டிப்பு. எங்களுக்குப் பழகிப்போச்சு."

"மரியாதைக்கோ மழையிலை நிக்கிறியள்?"

"ஓம்."

எனக்கு வெட்கமாகிவிட்டது. பிறகு எனக்கும் சிரிப்பு வந்தது. என் அம்மா என் கணவரோடு நேரே ஒரு சொல் பேசியதில்லை. அவர் முன்னால் இருக்க, கதவுக்குப் பின்னால் நின்று, "அவரைச் சாப்பிட வரச் சொல்லு பிள்ளை" என்பார். "பிறகு சாப்பிடுறன் எண்டு மாமிக்குச் சொல்லும்" என்பார் இவர். நடுவில் நான் தபால்காரி. எசன் பிளாட்டில் கதவுகள் போதாமல் அம்மா பிரிட்ஜுக்குப் பின்னால் நின்று பேசியதும் உண்டு. யாராவது ஜெர்மன்காரர் அதைப் பார்த்திருந்தால் எங்கள் வீட்டில் வழக்கு நடக்கிறது என்றுதான் நினைத்திருப்பார்.

4. மெசினுக்குச் சொன்னது

நான் உள்ளே வந்தபோது முதல் தாள் இறங்கியிருந்தது. க்ரூகர் அதை வெளிச்ச மேசையில் விரித்துவிட்டு, கடைசி ஒப்பத்துக்காகப் பேனையோடு நின்றார். ஙாத்துவின் மண்ணிறம் எனக்குக் கொஞ்சம் சிவந்து தெரிந்தது. ஆனால் டோங்காவின் மண்ணிறத்தை நான் எங்கே கண்டேன்?

மெலே நெடுநேரம் பார்த்தார்.

"அண்ணை என்ன சொன்னவர்?"

"அவர் இன்னும் பாக்கேல்லை."

"அப்ப அவருக்குக் காட்டுங்கோ. அவருக்குச் சரியெண்டால் எனக்குச் சரி."

தாளைத் தூக்கிக்கொண்டு பின்கதவுக்கு ஓடினேன். சியோனே தன் அகன்ற உள்ளங்கையால் அந்த மண்ணிறத்தை மட்டும் மூடிக்கொண்டு மிச்சத்தைப் பார்த்தார்.

"நல்ல வடிவு. தங்கச்சி என்ன சொன்னவ?"

இப்படியே போனேன், வந்தேன், திரும்பவும் போனேன். க்ரூகருக்குப் பொறுமை போய்விட்டது.

"ராஜி, எனக்கு ஒண்டில் ஓம் வேணும், இல்லாட்டி இல்லை வேணும். இது என்ன பிங்பொங்கோ?"

சியோனே அந்த நிறத்தை மூடிய விதம் என் மனதை அரித்துக்கொண்டே இருந்தது. பிடிக்காததைத்தான் மனிதர் மூடுவார்கள். என்னிடம் இரண்டு ஒப்பம் இருந்தது, ஒரு சம்மதமும் இல்லை. இப்படியே மெசின் ஓடினால் அவர்களின் பிள்ளைகளுக்குப் பிழையான புத்தகம் போகும். நிறுத்தினால் ஒரு புத்தகமும் போகாது.

எங்கள் மெசின் ஆளுயரம், நீளத்துக்கு ஒரு லொறி. அதன் ஒரு பக்கத்தில் மெலேயை நிறுத்தினேன். சியோனேயைக் கூட்டிவந்து மறுபக்கத்தில் நிறுத்தினேன்.

"நடுவிலை மெசின் நிக்குது. இதைச் சுவர் எண்டு எடுப்பம். இப்ப இது ஒரே அறையோ?"

சியோனே யோசித்தார். "சுவர் எண்டால் சுவர்தான்."

"நல்லது. ஆரும் ஆருக்கும் ஒண்டும் சொல்ல வேண்டாம். மனதிலை உள்ளதை மெசினுக்குச் சொல்லுங்கோ."

ஜெயம் அண்ணை தலையில் கை வைத்தார். சியோனே தொண்டையைச் செருமி, நிமிர்ந்து நின்று, மிகுந்த மரியாதையோடு தொடங்கினார்.

"மெசின், படம் நல்ல வடிவு. ஆனா இந்த மண்ணிறம் பிழை. இது எசன் வீடுகளின்ர செங்கல் நிறம். எங்கட பிள்ளையள் இதைப் பாத்துத்தான் ஙாத்து எண்டால் என்னவெண்டு படிக்கப் போகினம். பிறகு உண்மையானதைக் கண்டால், அது பிழையெண்டு சொல்லுவினம்."

மறுபக்கத்திலிருந்து மெலேயின் குரல் வந்தது.

"மெசின், எனக்கு அது மாதிரித்தாளிலையே தெரியும். அண்ணை ஒப்பம் வைச்சிட்டார் எண்டுதான் பேசாமல் இருந்தனான்."

"மெசின், அவவுக்குப் பிடிக்கும் எண்டு நினைச்சுத்தான் நான் வைச்சனான்!"

க்ரூகர் பேனையை மூடிச் சட்டைப்பைக்குள் போட்டார்.

இளையவர்களுக்கு நான் சொல்கிற பாடம் இதுதான். ஒப்பம் வந்துவிட்டது என்று துள்ளாதீர்கள். 'சரி' என்கிறவர் யாருக்காக அதைச் சொல்கிறார் என்று ஒருமுறை கேளுங்கள். அடித்து முடித்த தாளை எந்த மன்னிப்பும் வெள்ளையாக்காது.

மெலே தன் காருக்குப் போய் ஒரு சுருளை எடுத்துவந்தார். உண்மையான ஙாத்துத் துண்டு. ஸ்டுட்கார்ட்டிலிருந்து கொண்டுவந்தும் காருக்குள்ளேயே வைத்திருந்தாராம். வெளியே எடுத்தால் அண்ணனின் ஒப்பம் பிழை என்று காட்டியதாகிவிடும் அல்லவா! க்ரூகர் கையைச் சவர்க்காரம் போட்டுக் கழுவிவிட்டு வந்துதான் அதைத் தொட்டார். நன்றாக ஊறிய சாயத் தேத்தண்ணியின் மண்ணிறம். எங்கள் தாளில் இருந்தது அதற்குப் பக்கத்தில் நிற்கவே கூசியது.

மெசினில் சிவப்பு மையைக் குறைத்தால் பக்கத்திலுள்ள செவ்வரத்தம்பூவும் வெளிறிவிடும். அதனால் மண்ணிறத்தை மட்டும் பிரித்துத் திருத்தி, புதிதாகப் பிளேட் எடுத்தேன். அன்று ஒருவருக்கும் மதியச் சாப்பாடு இல்லை. விளம்பரத்தாளுக்குக் கடதாசி கொண்டுவந்த லொறி வாசலில் நின்று ஹோர்ன் அடித்தது. க்ரூகர் காது கேளாதவர் போல மெசினோடு மினக்கெட்டார். புதுத்தாள் இறங்கியதும் அதை ஙாத்துவின் மேல் வைத்தோம். சியோனே இந்த முறை ஒன்றையும் மூடவில்லை. மெசினைப் பார்த்துத் தலையாட்டினார். அவர் கண் கலங்கியிருந்தது. என் கண்ணும் கலங்கியது, அதைச் சொல்ல என்ன வெட்கம்.

5. அட்டையில் மேலே யார்

கடைசியாக அட்டை. நான் மூச்சுவிடப் போன நேரம் சியோனே மறுபடி தொடங்கினார்.

"மெசின், இன்னுமொரு விசயம். அட்டையிலை என்ர பேர் மேல, அவவின்ர பேர் கீழ கிடக்கு. அது ஏலாது. அவ எனக்கு மேல."

"மெசின், எழுதினது அண்ணை. அவற்ற பேர்தான் மேல வரவேணும். நான்தான் அப்பிடிப் போடச் சொன்னனான்."

"மெசின், படம் இல்லாட்டி அது புத்தகமே?"

"மெசின், அப்பிடியெண்டால் என்ர பேரே வேண்டாம்!"

குரல்கள் ஏறின. ஜெயம் அண்ணைக்கு முகமெல்லாம் பூரிப்பு. "பாத்தியோ ராஜி, சண்டை இருக்கெண்டு நான் அப்பவே சொன்னனான்!"

சண்டைதான். எத்தனையோ அண்ணன் தங்கைகளுக்கு நடுவில் நின்று விலக்குப் பிடித்தவள் நான். தனக்குக் கீழிடம் வேண்டும் என்று சண்டை பிடித்தவர்களை அன்றுதான் கண்டேன். விலக்குப் பிடிக்க எனக்கு மனமே வரவில்லை. வாசலில் லொறிக்காரன் இன்னொரு தரம் ஹோர்ன் அடித்தான்.

அப்போது மெலே மெசினைச் சுற்றிக்கொண்டு இந்தப் பக்கம் வந்தார். சியோனே பின்கதவைப் பார்த்தார், ஆனால் போகவில்லை. முதல் தடவையாக நேருக்கு நேர் பேச்சு நடந்தது.

"அண்ணை, நான் உங்களுக்கு மேல எண்டது உண்மையோ?"

"உண்மை."

"அப்ப நான் சொன்னால் நீங்கள் கேக்கவேணும்."

"கேக்கவேணும்."

"உங்கட பேர் மேல."

சியோனே தலை குனிந்து, க்ரூகரிடம் பேனையை வாங்கி ஒப்பம் வைத்தார்.

புத்தகங்கள் கோடைக்கு முன்பே போய்ச் சேர்ந்தன. மூன்று அட்டைகளிலும் அண்ணனின் பெயர் மேலே, தங்கையின் பெயர் கீழே. கையில் எடுக்கிறவர்கள் அண்ணனைத்தான் பெரியவர் என்று நினைப்பார்கள். அந்தப் பெயரை அங்கே வைக்கச் சொன்ன பெரியவர் யார் என்பது எங்கள் மூவருக்கும் மெசினுக்கும் தெரியும்.