ஐந்தாம் மாடி இடுக்கில் இருந்தவை

நாற்பது வீடுகள் கொண்ட அந்த அடுக்குமாடிக் குடியிருப்பில் அவருக்குப் பெயர் மருந்துக்காரர். ஒவ்வொரு மாதமும் முதல் சனிக்கிழமை காலை ஒன்பது மணிக்கு, முதுகில் தொட்டியும் மூக்கின்மீது துணியுமாக வந்து நிற்பார். அழைப்பு மணியை ஒரே ஒரு முறைதான் அழுத்துவார். கதவு திறந்ததும் வணக்கம்கூடச் சொல்லமாட்டார். "பாத்திரத்தை மூடிட்டீங்களா?" என்பதுதான் அவருடைய முதற்சொல்.

இருபத்தாறு ஆண்டுகளாகக் கரப்பானையும் கறையானையும் எலியையும் கொன்று வாழ்ந்தவர். அவரை வீட்டுக்கு அழைத்தவர்கள் எவரும் அவரை விரும்பியதில்லை. குடிக்கத் தண்ணீர் கேட்டால் காகிதக் குவளையில் கொடுப்பார்கள். குடித்து முடித்ததும் குப்பைக்கூடையை விரலால் காட்டுவார்கள். அவரும் சிரித்துப் பேசி யாரையும் வசப்படுத்தும் ஆள் இல்லை. முகம் எப்போதும் கடுகடுவென்றிருக்கும்.

அவர் வேலைபார்த்த கடை அவருடைய மனைவியின் அண்ணனுக்குச் சொந்தம். பெயர்ப்பலகை, தொலைபேசி, மேசை, சுழல் நாற்காலி எல்லாம் மச்சானுடையவை. சுவரில் சட்டமிட்டு மாட்டியிருந்த உரிமச் சான்று மட்டும் மருந்துக்காரருடையது. அந்தத் தேர்வை மச்சான் இரண்டு முறை எழுதி இரண்டு முறையும் கோட்டைவிட்டிருந்தார். ஆகவே, வேலை முடிந்தபின் கொடுக்கும் வேலைச் சீட்டில் மருந்துக்காரரின் கையெழுத்து இருந்தால்தான் அது செல்லும். மச்சானுக்கு இது தீராத எரிச்சல்.

நான்கு ஆண்டுகளுக்கு முன் ஒரு சரக்குக் கிடங்கில் வௌவால்களை விரட்டும் வேலை வந்தது. அந்தத் தொழிலில் அதற்கு ஒரு வழக்கம் உண்டு. பொழுது சாயும் நேரத்தில் வௌவால்கள் இரைதேடி வெளியே போகும்; கடைசி வௌவாலும் போனபின் இடுக்கில் நுரையைப் பீய்ச்சி அடைத்துவிட வேண்டும். நுரை கல்லாக இறுகிவிடும். மருந்துக்காரர் அப்படியே செய்தார், ஒன்றையும் கொல்லாமல் வேலையை முடித்தோம் என்ற பெருமையோடு. மறந்துவிட்ட ஏணியை எடுக்க விடியற்காலையில் போனபோது, இறுகிய நுரையைச் சுற்றி முப்பது நாற்பது வௌவால்கள் அப்பிக்கொண்டு நகங்களால் பிராண்டிக்கொண்டிருந்தன. எவர்சில்வர் டம்ளரைச் சுவரில் கவிழ்த்துக் காதை வைத்தார். உள்ளே குட்டிகள் இருந்தன.

உளியை எடுத்தார். கிடங்குக்காரர் தடுத்துவிட்டார். "வேலை முடிஞ்சுபோச்சு. சீட்டும் குடுத்துட்டீங்க. என் சுவத்தை இனிமே தொடாதீங்க." ஆறு நாள் வேறு வேறு காரணம் சொல்லி அங்கே போய்வந்தார். ஏழாம் நாள் டம்ளரில் ஒன்றும் கேட்கவில்லை. இதை மனைவியிடம் மட்டும் சொன்னார். அவர் தம் அண்ணனிடம் சொன்னார்.

இப்போது இந்தக் குடியிருப்பில், ஐந்தாம் மாடிப் படிக்கட்டுக்கு மேலே, இரண்டு கட்டடங்கள் சேரும் இடத்தில் நான்கு விரல் அகல இடுக்கு ஒன்று இருந்தது. அதற்கு எதிர் வீட்டில் இருந்த மேல்மாடிக்காரம்மா அவரைப் பிடித்துக்கொண்டார்.

"நாலு மாசமா இந்த நாத்தத்துல குடித்தனம் நடத்தறேன். படியெல்லாம் எச்சம். எங்க சின்னவளுக்கு ஏற்கெனவே மூச்சிழுப்பு. அவளுக்கு ஏதாவது ஒண்ணு ஆச்சுன்னா உங்களைச் சும்மா விடமாட்டேன்."

"நான் கொண்டுவந்து விடலியேம்மா."

"வாய் மட்டும் குறைச்சல் இல்ல. நாளைக்கே அடைங்க!"

மருந்துக்காரர் இடுக்கின் கீழே பழைய செய்தித்தாள்களை விரித்துவிட்டுப் போனார். மறுநாள் காலையில் தாளின்மீது எச்சத்தோடு ஒரு குட்டியும் கிடந்தது. கட்டைவிரல் நகத்தைவிடச் சற்றுப் பெரியது, மயிர் முளைக்கவில்லை, கண் திறக்கவில்லை, இறந்திருந்தது. அவர் அதைத் தாளோடு மடித்து எடுத்துக்கொண்டு நேரே குடியிருப்போர் சங்கச் செயலாளர் வீட்டுக்குப் போனார்.

"உள்ள குட்டி போட்டிருக்கு சார். அஞ்சு வாரம் பொறுங்க. பறக்கிற பருவம் வந்ததும் நானே அடைச்சுடறேன்."

செயலாளர் மடித்த தாளைப் பார்த்தார், அவரைப் பார்த்தார். "முதல்ல அதை வெளிய கொண்டுபோங்க" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை சங்கக் கூட்டம் கூடிற்று. பிளாஸ்டிக் நாற்காலிகள் போதாமல் பாதிப்பேர் நின்றுகொண்டிருந்தார்கள். மருந்துக்காரருக்கு நாற்காலி தர யாருக்கும் தோன்றவில்லை. அவர் கதவோரம் நின்று, அஞ்சு வாரக் கதையை மறுபடி சொன்னார்.

மேல்மாடிக்காரம்மா எழுந்தார். "இந்தக் கட்டடத்துல இதுவரைக்கும் எத்தனை ஆயிரம் கரப்பானைக் கொன்னிருப்பீங்க? கரப்பானுக்கு மட்டும் அம்மா கிடையாதா? அதெல்லாம் அநாதையா பொறந்துதா?"

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. மருந்துக்காரர் சிரிப்பு அடங்கும்வரை காத்திருந்தார்.

"அதுக்கு எங்கிட்ட பதில் இல்லம்மா."

"பதில் இல்லல்ல? அப்ப வாயை மூடிக்கிட்டு ஓட்டையை மூடுங்க!"

செயலாளர் கையமர்த்தினார். "உணர்ச்சிவசப்பட வேண்டாம். நான் ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். அதுங்களால யாருக்கு என்ன பிரயோஜனம்?"

இரண்டாம் மாடிப் பேராசிரியர், அங்கே இருந்தவர்களில் மருந்துக்காரருக்குச் சற்று இரங்கியவர், கிட்ட வந்து காதைக் கடித்தார். "கொசுவைத் தின்னுதுன்னு சொல்லுங்க. ஒத்துக்குவாங்க."

மருந்துக்காரர் அதைச் சொன்னார். சொல்லும்போதே இரவல் சட்டையைப் போட்டுக்கொண்டவர்போல் அவருக்கு உடம்பு கூசியது.

செயலாளர் அதற்காகவே காத்திருந்தவர்போல் முன்னால் சாய்ந்தார். "அப்படியா? கொசுவுக்குத்தானே மாசாமாசம் நீங்க புகை போடறீங்க? வௌவாலே அந்த வேலையைப் பார்த்துக்கும்னா உங்களுக்கு எதுக்கு ஒப்பந்தம்? இல்ல, உங்க புகையே போதும்னா வௌவால் எதுக்கு? ரெண்டுல ஒண்ணு சொல்லுங்க."

பேராசிரியர் தம் நாற்காலிக்குத் திரும்பிப்போய்க் கைப்பேசியைப் பார்க்கத் தொடங்கினார்.

"கொசுவைப் பத்தி நான் சொன்னது தப்பு சார்" என்றார் மருந்துக்காரர். "ஒரு பிரயோஜனமும் இல்லன்னே வச்சுக்குங்க. அப்பவும் உள்ள உயிரோட இருக்கு."

"இருந்தா?"

"இருக்கு. அவ்வளவுதான்."

"இதெல்லாம் ஒரு பதிலாய்யா?" என்று பின்வரிசையிலிருந்து ஒரு குரல் வந்தது. "வௌவால் மாமாவுக்கு அந்த இடுக்குலயே ஒரு வீடு ஒதுக்கிடுங்க!" என்றது இன்னொரு குரல். மறுபடியும் சிரிப்பு. கூட்டம் கலைவதற்குள் செயலாளர் கடைக்குத் தொலைபேசியில் பேசிவிட்டிருந்தார்.

மறுநாள் கடையில் மச்சான் சுழல் நாற்காலியை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் திருப்பிக்கொண்டே பேசினார்.

"மாப்பிள்ளை, நமக்கு இருக்கிறதுலயே பெரிய கட்டடம் அது. அதை விட்டா நாம ஈ ஓட்ட வேண்டியதுதான்."

"ஈ ஓட்டறதுதானே மச்சான் நம்ம தொழில்."

"நக்கல் வேற! கிடங்குல பண்ணின பாவத்தை இங்க வந்து கழுவப் பார்க்கிறியா? என் தங்கச்சி எல்லாம் சொல்லியிருக்கா."

மருந்துக்காரருக்கு முகம் சிவந்தது. "இது அந்தக் குட்டி இல்ல மச்சான். இது வேற குட்டி. என் பாவத்தைப் பத்தி இதுக்கு என்ன தெரியும்?"

மச்சான் இழுப்பறையைத் திறந்து வேலைச் சீட்டு ஒன்றை மேசைமேல் எறிந்தார். "நீ நுரையடிக்க வேண்டாம், நான் அடிச்சுக்கறேன். இதுல உன் கையெழுத்து மட்டும் போதும். போடலன்னா, உன் சான்றைக் கழட்டி எடுத்துக்கிட்டுப் போயிடு. உரிமம் வச்சிருக்கிறவன் வேற எவனும் எனக்குக் கிடைக்காமலா போயிடுவான்?"

வீட்டிலும் ஆறுதல் இல்லை. "அண்ணன் சொல்றதுல என்ன தப்பு?" என்றார் மனைவி. "அங்க போய்ப் பெரிய நியாயம் பேசிட்டு, இங்க வந்து மூஞ்சியைத் தொங்கப் போட்டுக்காதீங்க. வேலை போனா வௌவாலா வந்து வாடகை கட்டும்?"

சீட்டில் ஒரு வாக்கியம் அச்சிடப்பட்டிருந்தது: 'உள்ளே உயிரினம் எதுவும் இல்லை என உறுதிசெய்து அடைக்கப்பட்டது.' கிடங்கில் இதன் கீழேதான் அவர் கையெழுத்திட்டிருந்தார். மருந்துக்காரர் அளவுகோலை வைத்து அந்த வாக்கியத்தின்மீது நேராக ஒரு கோடு கிழித்தார். அதன் கீழே, தேர்வு எழுதியபோது எழுதியதுபோல் நிதானமாக எழுதினார்: 'உள்ளே உயிருள்ள குட்டிகள் இருக்கின்றன. தெரிந்தே அடைக்கச் சொல்பவர்', அப்புறம் ஒரு வெற்றுக்கோடு; 'வீட்டு எண்', அப்புறம் இன்னொரு வெற்றுக்கோடு. அடியில் தம் கையெழுத்தையும் உரிம எண்ணையும் இட்டார்.

அன்று மாலையே அதைச் செயலாளரிடம் நீட்டினார். நுரைக் குப்பி பையில் இருந்தது.

"யாராவது ஒருத்தர் இதுல கையெழுத்துப் போடுங்க சார். இன்னிக்கே அடைச்சுடறேன், என் கையாலயே."

அவர் விளையாட்டுக்குச் சொல்லவில்லை. கையெழுத்து விழுந்தால் அடைத்தாக வேண்டும் என்பது அவருக்குத் தெரியும். 

செயலாளர் இரண்டு முறை படித்தார். "நான் சங்கத்தோட பிரதிநிதி. தனிப்பட்ட முறையில எப்படிப் போடறது? பொருளாளரைக் கேளுங்க."

பொருளாளர் கண்ணாடியைத் தேடினார். கண்ணாடி அவருடைய நெற்றியிலேயே இருந்தது. "பாதிக்கப்பட்டவங்கதான் போடணும். அதுதான் முறை" என்றார். நான்காம் மாடிக்காரர் வீட்டுக்காரியைக் கேட்க வேண்டும் என்றார். வீட்டுக்காரி வீட்டுக்காரரைக் கேட்க வேண்டும் என்றார். பேராசிரியர் கதவைத் திறக்கவே இல்லை. உள்ளே தொலைக்காட்சியின் ஒலி மட்டும் குறைந்தது. பின்வரிசையிலிருந்து கத்தியவர், "என்னய்யா இது, போலீஸ் வாக்குமூலம் மாதிரி இருக்கு" என்று கையை எடுத்துக்கொண்டார். ஒவ்வொரு கதவிலும் ஒரே ஒரு முறை மணியடித்து, மருந்துக்காரர் மாடி மாடியாக ஏறினார். ஞாயிற்றுக்கிழமை ஒரே குரலாய்க் கத்திய கூட்டம் இப்போது நாற்பது கதவுகளுக்குப் பின்னால் நாற்பதாய்ப் பிரிந்து கிடந்தது.

கடைசிக் கதவு மேல்மாடிக்காரம்மாவுடையது. அவர் சீட்டை வெடுக்கென்று பிடுங்கினார். "குடுங்க பேனாவை. இவங்களுக்கெல்லாம் முதுகெலும்பு கிடையாது, எனக்கு இருக்கு."

பேனாவைக் கொடுத்தார். கதவு நிலையில் சீட்டை வைத்து அந்த அம்மா குனிந்தார். உள்ளே சின்னவள் இருமினாள். பேனாமுனை கோட்டைத் தொட்டு நின்றது.

மருந்துக்காரர் தலைக்கு மேலிருந்த இடுக்கைப் பார்க்காமல் இருக்க முயன்றார். மெல்லிய கீச்சொலி கேட்டது. டம்ளர் இல்லாமலேயே கேட்டது. அந்த அம்மாவுக்கும் கேட்டிருக்க வேண்டும்.

"இந்தத் 'தெரிந்தே'ங்கிறதை அடிச்சுடுங்க. போடறேன்."

"அடிச்சா பொய்யாயிடும்மா. உங்களுக்குத் தெரியுமே."

"என் பொண்ணுக்கு மூச்சு வாங்குது. அது உங்க கண்ணுக்குத் தெரியலியா?"

"தெரியுது. அதனாலதான் குப்பியோட வந்திருக்கேன். நீங்க போட்டா அடைக்கிறேன். போடலன்னா தினம் காலையில ஆறு மணிக்கு வந்து ஈரத்துணியால எச்சத்தை வழிச்சு, படியைக் கழுவிவிடறேன். உங்க வாசலுக்குக் கனமா பிளாஸ்டிக் திரையும் போட்டுத் தர்றேன்."

அவர் சீட்டைக் கசக்கி மருந்துக்காரரின் மார்பின்மேல் எறிந்தார். பேனாவையும் எறிந்தார். "உங்களை மாதிரி அழும்பு பிடிச்ச மனுஷனை நான் பார்த்ததே இல்ல. வந்து தொலைங்க! ஆறு மணின்னா ஆறு மணி!"

கதவு அறைந்து மூடிக்கொண்டது. மருந்துக்காரர் கசங்கிய தாளைப் படிக்கட்டில் உட்கார்ந்து நீவி மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார். 

முப்பத்தாறு நாள் வந்தார். ஒருவரும் அவரோடு பேசவில்லை. காவலாளி வாளியைக் கொடுக்க மறுத்ததால் சொந்த வாளி கொண்டுவந்தார். அதில் ஒரு நாள் யாரோ குப்பையைக் கொட்டியிருந்தார்கள். ஆறு மணிக்கு ஐந்து நிமிடம் தாமதமானால் பிளாஸ்டிக் திரைக்குப் பின்னால் மேல்மாடிக்காரம்மா கடிகாரத்தோடு நின்றார். நன்றி என்ற சொல்லை மறந்தும் சொல்லவில்லை. குட்டிகள் இன்னும் இரண்டு விழுந்தன. இரண்டும் இறந்தே விழுந்தன. வௌவால்களும் அவருக்கு நன்றி சொல்லவில்லை. கீழே நின்றவரின் தலைமேல் வழக்கம்போல் எச்சமிட்டன.

முப்பத்து மூன்றாம் நாள், முன்னிரவில் எல்லாம் பறந்துபோனபின் இடுக்கின் குறுக்கே மெல்லிய தாளைப் பசைதடவி ஒட்டினார். உள்ளே ஏதேனும் மிஞ்சியிருந்தால் கிழித்துக்கொண்டு வெளியே வரும்; வெளியே ஏதேனும் திரும்பினாலும் கிழியும். மூன்று காலை தாள் கிழியாமல் இருந்தது. பெரியவையும் சிறியவையும் வேறு எங்கோ இடம் பார்த்துக்கொண்டுவிட்டன. அதற்குமேல்தான் நுரையைப் பீய்ச்சினார். புதுச் சீட்டில் அச்சிட்ட வாக்கியத்தை ஒருமுறை முழுவதும் படித்துவிட்டுக் கையெழுத்திட்டார்.

சீட்டை வாங்கிக்கொண்ட செயலாளர் பதிலுக்கு ஓர் உறையைக் கொடுத்தார். ஒப்பந்தம் முடிந்தது என்ற கடிதம். அதன் நகல் கடைக்கு முன்னமே போய்ச் சேர்ந்திருந்தது. கடைக்குப் போனபோது சான்று சுவரில் இல்லை. மேசைமேல் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தது. மச்சான் நாற்காலியைச் சுவர்ப்பக்கமாகத் திருப்பிக்கொண்டார். மருந்துக்காரர் சட்டத்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வீட்டுக்கு நடந்தார். மனைவி அதை வாங்கி எங்கே மாட்டுவது என்று கேட்காமல் அலமாரியின் மேல் போட்டார்.

இரண்டு மாதம் கழித்து மேல்மாடிக்காரம்மாவிடமிருந்து அழைப்பு வந்தது. "உங்கமேல இருக்கிற கோபம் தீர்ந்துபோச்சுன்னு நினைச்சுக்காதீங்க. புதுசா வந்தவன் தண்ணியைத் தெளிச்சுட்டுப் போயிட்டான். சமையலறை பூரா கரப்பான்."

சனிக்கிழமை ஒன்பது மணிக்குப் போனார். அந்த அம்மா சமையலறை வாசலில் கைகட்டி நின்றார்.

"அம்மா யாரு, குட்டி யாருன்னு பார்த்துட்டு அடிங்க" என்றார்.

மருந்துக்காரர் தொட்டியைத் தோளில் சரிசெய்து, கழுவுதொட்டியின் கீழ்க்கதவைத் திறந்தார். குழாயின்மேல் ஒரு கரப்பான் அசையாமல் இருந்தது. வால்பக்கம் முட்டைக்கூட்டைச் சுமந்துகொண்டிருந்தது. இருபத்தாறு ஆண்டுகளில் இப்படி எத்தனையோ பார்த்திருக்கிறார். இன்று குனிந்தபடியே இருந்தார். முதுகுக்குப் பின்னால் அந்த அம்மா காத்திருப்பது தெரிந்தது. 

"பாத்திரத்தை மூடிட்டீங்களா?" என்றார், திரும்பாமலே.

"மூடியாச்சு."

கைப்பிடியை அழுத்தினார். முடிந்தபின் தண்ணீர் கேட்கவில்லை. கீழே இறங்கும்போது ஐந்தாம் மாடிப் படிக்கட்டில் எக்கி நின்று, இறுகிப்போன நுரைமீது உள்ளங்கையை வைத்துப் பார்த்தார். பிறகு வேலை கேட்டு அடுத்த வீட்டு மணியை ஒரே ஒரு முறை அழுத்தினார். யாரும் திறக்கவில்லை.